ஜன்னல் எந்தப் பக்கம்?

ஒளி வந்த வழி – 11

கேத்தி ரயில் நிலையத்தில் அன்றைக்கு மழை பெய்யும் என்று திரைக்கதையில் யாரும் எழுதி வைக்கவில்லை. 'மூன்றாம் பிறை'யின் கடைசிக் காட்சி அது. பழைய நினைவு திரும்பிய பெண் ரயிலில் ஏறி உட்கார்ந்துவிட்டாள். அவளை விஜி என்று மட்டுமே அறிந்த சீனு நடைமேடையில் ஓடுகிறான், சேற்றில் விழுகிறான், தலையில் பானையை வைத்துக்கொண்டு குரங்குச் சேட்டை செய்து காட்டுகிறான். படப்பிடிப்பு நேரம் பார்த்து வானம் பொத்துக்கொண்டது. நீலகிரி மழை எந்த யூனிட்டுக்கும் புதிதல்ல. கேமராவுக்குக் குடை பிடித்து, பேக்-அப் சொல்லிவிட்டு, வெயில் வரும் நாளுக்குக் காத்திருப்பார்கள். நேற்று எடுத்த ஷாட் வெயிலில் இருந்தால் இன்றைய மழை அதனோடு ஒட்டாதே என்பது நியாயமான கவலை. பாலு மகேந்திரா பேக்-அப் சொல்லவில்லை. இயக்குநரும் அவரே, ஒளிப்பதிவாளரும் அவரே. யாரிடமும் போய்க் கேட்க வேண்டியதில்லை. மழையோடு எடுத்துவிட்டார்.

அந்தக் காட்சியின் கண்ணீரைப் பற்றி நிறையப் பேர் எழுதிவிட்டார்கள். எனக்குச் சொல்ல இருப்பது மேகத்தைப் பற்றி. வெயிலில் எடுத்திருந்தால் கமல்ஹாசனின் மூக்கு நிழல் கன்னத்தில் கறுப்பாக விழுந்திருக்கும். அதைப் போக்க எதிரே ரிஃப்ளெக்டர் பிடித்திருப்பார்கள். ரிஃப்ளெக்டர் பிடித்தால் கண் கூசும். கண் கூசினால் நடிப்பு பாதி போயிற்று. மேகம் மூடியபோது இந்தத் தொல்லை எதுவும் இல்லை. வெளிச்சம் எல்லாத் திசையிலிருந்தும் சமமாக இறங்கியது. முகம், சேறு, தண்டவாளம், ரயில் பெட்டி எல்லாமே ஒரே சாம்பல் வண்ணத்துக்குள் வந்துவிட்டன. அவன் அந்த இடத்தோடு கரைந்து போகிறான், ரயில் மட்டும் நகர்கிறது. 1982-இல் வந்த இந்தப் படத்துக்காக பாலு மகேந்திராவுக்குச் சிறந்த ஒளிப்பதிவாளருக்கான தேசிய விருது கிடைத்தது. கமலுக்குச் சிறந்த நடிகருக்கான முதல் தேசிய விருதும் இதற்குத்தான்.

இந்த மழைக்கு முன்கதை ஒன்று உண்டு. பாலு மகேந்திராவே பல பேட்டிகளில் சொன்னது. அவர் பள்ளிப் பையனாக இருந்தபோது சுற்றுலா போன இடத்தில் ஒரு வெள்ளைக்காரக் கூட்டம் படம் எடுத்துக்கொண்டிருந்தது. இலங்கையின் கித்துல்கல பகுதி, களனி ஆற்றங்கரை. எடுத்தவர் டேவிட் லீன்; படம் 'தி பிரிட்ஜ் ஆன் தி ரிவர் குவாய்', 1957-இல் வெளியானது. அந்த மனிதர் 'மழை' என்று கத்தினார், மழை கொட்டியது. ஆளால் மழையை வரவழைக்க முடியும் என்றால் நானும் அந்த வேலைக்குத்தான் போவேன் என்று பையன் முடிவு கட்டிவிட்டான். ஆனால் வளர்ந்து அந்த வேலைக்கு வந்தபின் அவர் செய்தது நேர்மாறு. வரவழைக்கவில்லை, வந்ததை விடவில்லை.

சென்ற வாரம் ஒளிப்பதிவாளர் மார்கஸ் பார்ட்லியின் நிலவைப் பார்த்தோம். 'மிஸ்ஸியம்மா'விலும் 'மாயா பஜா'ரிலும் வாகினி தளத்தின் கூரைக்குக் கீழே விளக்குகளைக் கொண்டே நிலவை உதிக்க வைத்தவர் அவர். அந்த நிலா எந்தத் திசையில் இருக்கிறது என்று யாரும் கேட்டதில்லை. அழகாக இருந்தது, போதும். ஸ்டூடியோ காலத்தின் இலக்கணமே அதுதான். கதாநாயகி எங்கே நின்றாலும் தலைமுடியைச் சுற்றி ஒரு பேக்-லைட் ஒளிவட்டம் கட்டும். குடிசைக்குள் சிம்னி விளக்கு ஒன்றுதான் எரியும். சுவரில் அவளுக்கு மூன்று நிழல் விழும். பார்வையாளர்களும் அதை ஒரு சம்பிரதாயமாக ஏற்றுக்கொண்டார்கள், நாடக மேடையில் ராஜாவின் அட்டைக் கிரீடத்தை ஏற்றுக்கொண்டதுபோல.

பார்ட்லியை நான் குறைத்துச் சொல்லவில்லை. அந்த வித்தை இன்றைக்கும் யாருக்கும் வராது. ஆனால் ராமு காரியாத் 'செம்மீன்' எடுத்தபோது கேமராவை பார்ட்லியிடம் கொடுத்தார். சில ஆண்டுகள் கழித்து 'நெல்லு' எடுக்க வயநாட்டுக் காட்டுக்குப் போனபோது, பூனா திரைப்படக் கல்லூரியிலிருந்து வந்த, முழுநீளப் படம் ஒன்றுகூடச் செய்யாத ஓர் இளைஞரிடம் கொடுத்தார். தென்னிந்தியக் கேமரா கைமாறிய கதையை ஒரு வரியில் சொல்லச் சொன்னால் இதைத்தான் சொல்வேன்.

அந்த இளைஞர் 1939 மே 20 அன்று மட்டக்களப்பை அடுத்த அமிர்தகழியில் பிறந்தவர். முழுப்பெயர் பாலநாதன் பெஞ்சமின் மகேந்திரன். 1966-இல் பூனாவில் ஒளிப்பதிவு படிக்கச் சேர்ந்து, 1969-இல் தங்கப் பதக்கத்தோடு வெளியே வந்தார். அவருடைய பட்டயப் படத்தைப் பார்த்துத்தான் காரியாத் கூப்பிட்டார். 'நெல்லு' 1974-இல் வெளியாகி, கேரள அரசின் ஒளிப்பதிவு விருதை வாங்கித் தந்தது. அடுத்து மலையாளத்தில் வரிசையாகப் படங்கள். பரதனின் முதல் படமான 'பிரயாணம்' அவற்றில் ஒன்று. 1977-இல் கன்னடத்தில் 'கோகிலா'வை இயக்கினார், அதற்கும் ஒளிப்பதிவில் தேசிய விருது. 1978-இல் இயக்குநர் மகேந்திரனின் 'முள்ளும் மலரும்'. தமிழுக்கு அவர் வந்தது அப்போதுதான், அதுவும் கமல்ஹாசன் கைகாட்டி. கே. விஸ்வநாத்தின் 'சங்கராபரணம்', மணிரத்னம் கன்னடத்தில் எடுத்த முதல் படம் 'பல்லவி அனு பல்லவி' இரண்டுக்கும் கேமரா இவருடையதே. பட்டியல் நீளும்; பட்டியலில் எனக்கு அக்கறை இல்லை.

அக்கறை ஒரே ஒரு கேள்வியில். ஓர் அறைக்குள் நுழைந்ததும் பாலு மகேந்திராவின் ஒளிப்பதிவு முதலில் கேட்பது: ஜன்னல் எந்தப் பக்கம்? வெளிச்சம் அந்தப் பக்கத்திலிருந்துதான் வரவேண்டும். ஜன்னலை ஒட்டி நிற்பவர் முகத்தில் ஒரு பாதி துலக்கமாகவும் மறுபாதி மங்கலாகவும் இருக்கட்டும். அறையின் கோடி மூலை இருட்டாகவே கிடக்கட்டும், நம் வீடுகளில் அது அப்படித்தானே கிடக்கிறது. விளக்கு போட்டே ஆகவேண்டும் என்றால், அதையும் ஜன்னலுக்கு வெளியே வைத்து, துணியில் வடித்து, சூரியன் அனுப்பியதுபோல உள்ளே அனுப்பலாம். காரணமில்லாமல் ஒரு விளக்கும் எரியக்கூடாது.

இது அவர் கண்டுபிடித்ததல்ல. சத்யஜித் ராயின் 'அபராஜிதோ'வுக்காக (1956) காசி வீட்டு முற்றத்தை ஸ்டூடியோவில் கட்டினார்கள். திறந்த முற்றத்தில் மேலிருந்து பரவலாக இறங்கும் பகல் வெளிச்சத்தை விளக்குகளால் எப்படிக் கொண்டுவருவது என்று ஒளிப்பதிவாளர் சுப்ரதா மித்ரா யோசித்தார். முற்றத்தின் மேலே வெள்ளைத் துணியை இழுத்துக் கட்டி, விளக்குகளை நடிகர்கள்மேல் காட்டாமல் துணியின்மேல் காட்டினார். துணியில் பட்டுத் திரும்பிய வெளிச்சத்தில் படம் எடுத்தார். இந்தியாவில் ஒளிப்பதிவு படித்த எல்லோருக்கும் இது முதல் பாடம். எங்கள் பக்கத்து ஆட்களுக்கு இதைப் புரியவைக்க நான் ஸ்டூடியோ வரைக்கும் போகத் தேவையில்லை. ராஜபாளையம் பக்கத்துச் சத்திரப்பட்டியில் மருத்துவமனைகளுக்கான பேண்டேஜ் துணி நெய்கிறார்கள். வெளுத்த காஸ் துணி காயும் இடத்தில், இரண்டு வரிசைத் துணிக்கு நடுவில் ஓர் ஆள் நிற்கும்போது கவனித்துப் பாருங்கள். உச்சி வெயிலிலும் அவர் முகத்தில் கறுப்பு நிழல் இருக்காது. கன்னத்துக் குழி தெரியும், நெற்றிச் சுருக்கம் தெரியும், தோலின் நிறம் உள்ளபடி தெரியும். சினிமாக்காரர்கள் ஸ்கிம்மர் என்று ஒரு சட்டத்தில் துணியை இழுத்துக் கட்டிச் செய்வதும் இதே வேலைதான்.

சோழபுரத்துக்காரனான எனக்கு இன்னொரு வசதியும் உண்டு. எங்களுக்கு மேற்கே மலை. ஸ்ரீவில்லிபுத்தூரிலிருந்து ராஜபாளையம், சேத்தூர் வரை இந்தப் பக்கத்து ஊர்களில் சூரியன் அடிவானத்தில் விழுவதை யாரும் பார்ப்பதில்லை. அஸ்தமனத்துக்கு அரை மணி நேரம் முன்பே அது மலைக்குப் பின்னால் போய்விடும். நிழல் வயல்களின்மேல் வந்துவிடும், ஆனால் வானம் வெளுப்பாகவே இருக்கும். அந்த அரை மணி நேரம் ஊர் முழுவதும் நிழலே இல்லாத வெளிச்சத்தில் கிடக்கும். ராஜபாளையத்தில் கல்யாணப் படம் எடுக்கும் ஒருவர் பெண் வீட்டாரை விரட்டிக்கொண்டிருந்ததை ஒருமுறை கேட்டேன்: "அண்ணாச்சி, அஞ்சு அஞ்சேகாலுக்குப் பொண்ணு மாப்பிள்ளையத் தோப்புப் பக்கம் கூட்டியாந்துருங்க. மலை நிழல் வுழுந்துட்டா லைட்டே வேணாம், மூஞ்சி அப்பிடியே பளிங்கு மாரி வரும்." அண்ணாச்சிக்கு ஒன்றும் புரியவில்லை. பந்தியில் இலை போட்டாயிற்றா என்ற கவலை அவருக்கு.

கல்யாணப் படக்காரர் சொன்ன அந்த அரை மணி நேர வெளிச்சத்தைத்தான் பாலு மகேந்திரா நாள் முழுக்கத் தேடினார் என்று எனக்குத் தோன்றும். அதற்காகத்தான் ஊட்டிக்கு ஓடினார், காலைப் பனிக்குக் காத்திருந்தார், மேகத்தைக் கண்டால் சந்தோஷப்பட்டார்.

சரி, மற்றவர்கள் ஏன் அப்படிச் செய்யவில்லை? சோம்பலா, ரசனைக் குறைவா? இரண்டுமில்லை. ஃபிலிம். அன்றைக்குக் கிடைத்த கலர் நெகட்டிவின் வேகம் 100 ஏஎஸ்ஏ. இன்றைக்கு உங்கள் சட்டைப்பையில் இருக்கும் செல்போன் கேமரா அதைவிடப் பல மடங்கு குறைந்த வெளிச்சத்தில் படம் எடுத்துவிடும். அந்த ஃபிலிமை வைத்துக்கொண்டு ஜன்னல் வெளிச்சத்தில் மட்டும் எடுக்க வேண்டுமானால் லென்ஸின் துவாரத்தை முழுக்கத் திறந்தாக வேண்டும். முழுக்கத் திறந்தால் ஃபோகஸ் நிற்கும் ஆழம் குறுகிவிடும்; நடிகர் ஓர் அடி முன்னே வந்தால் முகம் கலங்கிவிடும். ஆகவே நடிகர் அதிகம் அசையக்கூடாது. பின்னால் இருப்பதெல்லாம் மங்கலாகும். ஆகவே ஃப்ரேமில் பொருட்கள் குறையும். நாம் 'பாலு மகேந்திரா பாணி' என்று கொண்டாடும் அமைதி, நிதானம், ஜன்னலோரத்தில் ஒற்றை முகம், பின்னால் கரைந்துபோன பச்சை ஆகியவற்றில் கொஞ்சம் அவருடைய மனசு, கொஞ்சம் ஃபிலிம் டப்பாவின்மேல் அச்சிட்டிருந்த அந்த எண். விமர்சகர்கள் முதலாவதைப் பற்றி மட்டும் எழுதுவார்கள்.

இதற்குச் சில ஆண்டுகள் முன்பே உலகத்தின் இன்னொரு மூலையில் இதே பாடு பட்ட ஒருவர் இருந்தார். செக் நாட்டுக்காரர், ப்ராக் நகரத்தில் 1934-இல் பிறந்த மிரொஸ்லாவ் ஒண்ட்ரிசெக். இயக்குநர் மிலோஷ் ஃபோர்மனின் கேமராமேன். ஃபோர்மன் 'தி ஃபயர்மென்ஸ் பால்' (1967) எடுத்தபோது ஒரு சிற்றூரின் நிஜத் தீயணைப்பு வீரர்களையே நடிக்க வைத்தார். நடிக்கத் தெரியாத மனிதரிடம் 'இந்தச் சாக்பீஸ் கோட்டில் நில்லுங்கள், வெளிச்சம் இங்கேதான்' என்று சொல்ல முடியாது. சொன்னால் அவர் கோட்டையே பார்த்துக்கொண்டு நிற்பார். அவர் எங்கே போனாலும் வெளிச்சம் முன்பே அங்கே இருக்க வேண்டும். இது ஸ்டூடியோ ஒளியமைப்புக்கு நேர் எதிர்.

ஒண்ட்ரிசெக்கைப் பற்றிய கதைகளில் எனக்கு மிகவும் பிடித்தது, லிண்ட்சே ஆண்டர்சன் இங்கிலாந்தில் எடுத்த 'இஃப்' (1968) படத்தில் நடந்தது. பள்ளிக்கூடத்தின் தேவாலயத்துக்குள் காட்சி. பெரிய பெரிய வண்ணக் கண்ணாடி ஜன்னல்கள். நேரம் போகப் போக வெளிச்சத்தின் நிறமும் மாறும். அதை ஈடுகட்டப் போதுமான விளக்குகளுக்குப் பணம் இல்லை. இந்த நிலைமையில் கலர் சீராக வரும் என்று நான் உத்தரவாதம் தரமாட்டேன் என்றார் ஒண்ட்ரிசெக். அப்படியானால் கறுப்பு வெள்ளையில் எடுப்போம் என்று முடிவாயிற்று. எடுத்துப் பார்த்த ஆண்டர்சனுக்கு அது பிடித்துப்போய், வேறு சில காட்சிகளையும் கறுப்பு வெள்ளையில் எடுத்துக் கலர் படத்துக்கு நடுவே செருகிவிட்டார். அன்றிலிருந்து இன்றுவரை அந்தக் கறுப்பு வெள்ளைக்கு உலகமெங்கும் தத்துவ விளக்கம் எழுதிக்கொண்டிருக்கிறார்கள். கேத்தி மழைக்கும் நாம் எழுதுகிறோம் அல்லவா, அதுபோல.

பிற்பாடு ஒண்ட்ரிசெக் ஃபோர்மனோடு அமெரிக்கப் படங்களுக்குப் போனார். 'அமெடியஸ்' (1984) எடுக்க மறுபடி ப்ராகுக்கே வந்தார்கள். மொசார்ட்டின் 'டான் ஜியோவன்னி' 1787-இல் முதன்முதலில் அரங்கேறிய அதே பழைய நாடக அரங்கில், நிஜ மெழுகுவத்திகளை ஏற்றி எடுத்தார்கள். அந்தப் படம் எட்டு ஆஸ்கர் வாங்கியது; ஒளிப்பதிவுக்குப் பரிந்துரை மட்டும்தான் கிடைத்தது. 2015-இல் அவர் காலமானபோது தமிழில் யாரும் ஒரு பத்தி எழுதியதாக என் கண்ணில் படவில்லை. பாலு மகேந்திரா அதற்கு முந்தைய ஆண்டு, பிப்ரவரி 13 அன்று மறைந்திருந்தார்.

ஆனால் இருவருக்கும் ஒரு பெரிய வேறுபாடு உண்டு. ஒண்ட்ரிசெக் படம் பிடித்த முகங்கள் வெள்ளை முகங்கள். அன்றைய ஃபிலிமுக்கு அவை சங்கடம் தராது. நம் முகங்கள் அப்படியல்ல. மாநிறத்தையும் கறுப்பையும் அன்றைய கேமரா ஒரு பிரச்சினையாகத்தான் பார்த்தது. அதற்குக் கண்டுபிடித்த தீர்வு பேன்கேக் மேக்கப். முகத்தை இரண்டு மூன்று படி வெளுக்க வைத்து, அதன்மேல் கடும் விளக்கைப் போட்டால் எல்லோரும் ஒரே நிறத்தில் வருவார்கள். எனவே தமிழ் சினிமா தன் கதாநாயகிகளை வெள்ளைத் தோலாகத் தேடியதற்கு மக்களின் மோகம் மட்டும் காரணமல்ல. விளக்கும் ஒரு காரணம்.

பக்கவாட்டிலிருந்து வரும் மென்மையான ஜன்னல் வெளிச்சத்துக்குப் பேன்கேக் ஆகாது. திட்டுத்திட்டாகக் காட்டிக்கொடுத்துவிடும். மாநிறத் தோலோ அந்த வெளிச்சத்தை வாங்கி ஒரு மினுமினுப்பாகத் திருப்பித் தரும். கன்ன எலும்பில் ஒரு கோடு, மேலுதட்டில் ஒரு துளி வியர்வை, அவ்வளவு போதும். மேக்கப்பை பாலு மகேந்திரா வேண்டாம் என்றது கொள்கைப் பிடிவாதம் போலத் தோன்றினாலும், கேமராவுக்குப் பின்னால் நின்று பார்த்தால் அது வெறும் கணக்கு. 'கோகிலா', 'அழியாத கோலங்கள்', 'மூடு பனி' படங்களின் ஷோபா, பிறகு அர்ச்சனா. அர்ச்சனாவின் நிறத்தோடு ஒரு பெண் அதற்கு முன் தமிழில் படம் முழுக்கத் தாங்கும் நாயகியாக, நிறத்தைப் பற்றி யாரும் ஒரு வசனம்கூடப் பேசாமல், வந்து நின்றது அபூர்வம். 'வீடு' படத்துக்காகவும் அடுத்த ஆண்டே தெலுங்கு 'தாசி'க்காகவும் அவர் தேசிய விருது வாங்கினார். இதற்கு ஒளிப்பதிவாளர் கொடுத்த பங்கை நடிப்பு விருதுப் பட்டியலில் தேடினால் கிடைக்காது.

'வீடு' (1988) பற்றித் தனியாகச் சொல்லியாக வேண்டும். அலுவலகம் போகும் சுதா, தாத்தா, தங்கை. குடியிருக்கும் வாடகை வீட்டைக் காலி செய்யச் சொல்லிவிட்டார்கள். இருக்கும் மனையில் சொந்தமாக ஒரு வீடு கட்டத் துணிகிறாள். லோன், கான்ட்ராக்டர், சிமெண்ட் மூட்டைக் களவு. கடைசியில் அந்த மனையே குடிநீர் வாரியம் எடுத்துக்கொண்ட இடம் என்று ஓர் அதிகாரி வந்து சொல்கிறார். தன் சிறுவயதில் வீடு கட்டும்போது அம்மாவின் முகம் மாறிப்போனதை நினைத்துக்கொண்டு எடுத்த படம் என்று பாலு மகேந்திரா சொல்லியிருக்கிறார். செட் போடவில்லை. சாலிகிராமத்தில் உண்மையாகவே ஒரு வீட்டைக் கட்டிக்கொண்டே எடுத்தார்.

இதை ஒளிப்பதிவின் கண்ணால் பாருங்கள். வானம் தோண்டும்போது வெட்டவெளி, வெளிச்சம் எங்கிருந்தும் வரும். அதற்குத் திசை கிடையாது. செங்கல் வரிசை ஏற ஏற முதல்முறையாக நிழல் என்ற ஒன்று அந்த மனைக்குள் வருகிறது. நிலை வைத்ததும் வெளிச்சத்துக்கு ஒரு வாசல். ஜன்னல் சட்டம் வைத்ததும் ஒரு பக்கம். தளம் போட்டதும் உள்ளே என்றும் வெளியே என்றும் இரண்டு உலகம். வீடு கட்டும் கதையைச் சொன்ன படங்கள் உண்டு. ஒரு வீட்டுக்குள் வெளிச்சம் குடியேறும் விதத்தை வேறு எந்தத் தமிழ்ப் படத்திலும் நான் பார்த்ததில்லை.

இந்தப் பின்னணியில் வருகிறது தாத்தாவின் காட்சி. சொக்கலிங்க பாகவதர், நாடக மேடையில் பழுத்தவர். யாரிடமும் சொல்லாமல், குடையை எடுத்துக்கொண்டு, வீடு எவ்வளவு வளர்ந்திருக்கிறது என்று பார்க்கப் போகிறார். முடியாத வீட்டுக்குள் நுழைந்து சுவரைத் தொட்டுப் பார்க்கிறார். தொட்ட கையை எடுக்க மனசில்லாமல் ஒவ்வொரு அறையாகப் போகிறார். பூசாத சுவரின் சொரசொரப்பு நம் கைக்கே தெரியும். பக்கவாட்டு வெளிச்சம் இல்லாவிட்டால் அந்தச் சொரசொரப்பு தெரியாது. நேர் வெளிச்சத்தில் செங்கல் சுவர் வெறும் சிவப்புத் தாளாகிவிடும். கிழவரின் கன்னமும் அதே வெளிச்சத்தில் அதே சொரசொரப்போடு இருக்கிறது. வசனம் இல்லை. இளையராஜாவின் 'ஹௌ டு நேம் இட்' தொகுப்பிலிருந்து எடுத்த இசை பின்னால் போகிறது. திரும்பும் வழியில் பெரியவர் போய்ச் சேர்ந்துவிடுகிறார்.

அந்த வீட்டை பாலு மகேந்திரா விற்கவில்லை. பிறகு கட்டி முடித்து, 2007-இல் தொடங்கிய 'சினிமா பட்டறை'யை அதில்தான் நடத்தினார். பிள்ளைகளுக்கு ஜன்னல் வெளிச்சத்தைச் சொல்லிக்கொடுக்க அதைவிடப் பொருத்தமான வகுப்பறை யாருக்கும் வாய்த்திருக்காது.

அவருடைய எல்லாப் படமும் இந்த உயரத்தில் இல்லை. ஊட்டிப் பனி ஒரு கட்டத்தில் அவருக்கே பழக்கமாகிவிட்டது. பனி பொல்லாதது, எந்த ஃப்ரேமையும் அழகாக்கிவிடும், கதையில் ஓட்டை இருந்தாலும் மூடிவிடும். 'மூடு பனி'யில் கொலைகாரனின் மனசுக்கும் அந்த மங்கலுக்கும் ஒரு பொருத்தம் இருந்தது. பிற்காலப் படங்கள் சிலவற்றில் பனி வெறும் அலங்காரம். 'மூன்றாம் பிறை'யிலேயே சில்க் ஸ்மிதாவை வைத்து எடுத்த பாட்டு, படத்தின் மற்ற வெளிச்சத்தோடு எந்த உறவும் இல்லாமல் தனியாக நிற்கிறது. விநியோகஸ்தருக்குக் கட்டிய வரி என்று அதை மன்னித்துவிடலாம். அவர் படங்களின் பெண்கள் அடிக்கடி குழந்தைத்தனமாக இருப்பதை மன்னிப்பது எனக்குச் சற்றுக் கடினம். அது வெளிச்சத்தின் குறை அல்ல, எழுத்தின் குறை. 'வீடு' சுதா அந்தக் குறைக்கு அவரே எழுதிய பதில்.

அவரிடம் உதவியாளர்களாக இருந்த பாலா, வெற்றிமாறன், ராம், சீனு ராமசாமி ஆகியோரில் யாரும் ஒளிப்பதிவாளர் ஆகவில்லை, எல்லோரும் இயக்குநர்கள். இது விசித்திரமாகத் தோன்றலாம். ஆனால் அவர்கள் எடுத்துக்கொண்டு போனது வெளிச்சம் வைக்கும் விதத்தை அல்ல, அந்த வெளிச்சம் அனுமதித்த முகங்களை. இதற்கு அத்தாட்சி எங்கள் ராஜபாளையத்திலேயே பிறந்தது. துணை வேடங்களில் வந்துபோய்க்கொண்டிருந்த விஜய் சேதுபதியை முதன்முதலில் கதாநாயகனாக்கியது சீனு ராமசாமியின் 'தென்மேற்குப் பருவக்காற்று' (2010). கேமரா செழியன், உலக சினிமாவைப் பற்றி விகடனில் தொடர் எழுதித் தமிழ் வாசகர்களைப் பார்க்க வைத்தவர். மேற்கு மலைத் தொடரின் அடிவாரத்தில், ஆட்டுக்கிடைக்காரனாக, எண்ணெய் காணாத தலையும் வெயில் காய்ந்த முகமுமாக விஜய் சேதுபதி நின்றபோது யாருக்கும் அது கதாநாயகனின் முகமில்லை என்று தோன்றவில்லை. 1975-இல் எந்த ஸ்டூடியோ வாசலிலும் அந்த முகத்துக்கு முதலில் பேன்கேக்கைத்தான் நீட்டியிருப்பார்கள்.

பாலு மகேந்திராவின் கடைசிப் படம் 'தலைமுறைகள்' (2013). எழுபதைத் தாண்டிய வயதில் தானே தாத்தாவாக நடித்து, டிஜிட்டல் கேமராவில் எடுத்தார். ஃபிலிமின் வேகத்தோடு வாழ்நாள் முழுக்க மல்லுக்கட்டியவருக்குக் கடைசியில்தான் வெளிச்சம் குறைந்தாலும் கவலையில்லாத கருவி கையில் கிடைத்தது. ஆற்றங்கரையில் தாத்தாவும் பேரனும் நடக்கும் காட்சிகளைப் பார்த்தால், கருவி மாறியும் கை மாறவில்லை என்பது தெரியும். நேரத்துக்குக் காத்திருந்துதான் எடுத்திருக்கிறார்.

'வீடு', 'சந்தியா ராகம்' படங்களின் நெகட்டிவ்கள் அழிந்துபோயின. அதை அவரே வேதனையோடு பொதுவில் சொன்னார். தமிழ்நாட்டில் ஒரு திரைப்பட ஆவணக் காப்பகம் வேண்டும் என்று கடைசிவரை கேட்டுக்கொண்டிருந்தார். ப்ராகில் அறுபதுகளின் படங்களைக் காப்பகம் பாதுகாத்து, கீறல் நீக்கி, நிறம் சரிபார்த்து இப்போது மறுபடியும் வெளியிடுகிறார்கள். ஒண்ட்ரிசெக்கின் சாம்பல் வண்ணங்களை அவர் பார்த்தபடியே நாமும் பார்க்க முடிகிறது. 'வீடு' படத்தை நான் பார்த்ததெல்லாம் தொலைக்காட்சியில் ஒளிபரப்பிய பிரதியில்தான். அதில் இருட்டு மூலைகள் ஒட்டுமொத்தமாகக் கறுத்துக் கிடக்கின்றன. ஜன்னலுக்கு வெளியே வெளுப்பைத் தவிர ஒன்றும் தெரியவில்லை. அந்த மூலையில் அவர் எவ்வளவு வெளிச்சத்தை விட்டு வைத்திருந்தார், ஜன்னலுக்கு அப்பால் வேப்பமரம் இருந்ததா, எதிர்வீட்டுச் சுவர் இருந்ததா என்பதைச் சொல்லக்கூடிய நெகட்டிவ் இப்போது எங்கும் இல்லை.

(அடுத்த வாரம்: அசோக்குமார், 'உதிரிப்பூக்க'ளின் ஆற்றுவெளி)